கடைசிப் பந்தியில் பரிமாறிய விளையாட்டுகள்

சோனியின் பிளேஸ்டேஷன் 2 வெளிவந்து 2025 மார்ச்சோடு கால் நூற்றாண்டு ஆகிவிட்டது. அதை ஒட்டி அந்தக் கறுப்புப் பெட்டியின் புகழ் பாடுவதும் ஒரு மோஸ்தராகிவிட்டது. பாட்டு எல்லா இடத்திலும் ஒன்றுதான். மேல்நாட்டுக்காரர்கள் அடுத்த பெட்டிக்குத் தாவிய பிறகும் பிஎஸ்2 இந்தியாவையும் பிரேசிலையும் கைவிடவில்லை. உற்பத்தி நின்ற பிறகும் புது கேம்கள் வந்துகொண்டிருந்தன. போதாததற்கு, நம் ஊர்க் கதைகளுக்கும் அதில் இடம் கிடைத்தது. மூன்றாவதாகச் சொல்லப்படும் இந்தச் சங்கதியைத்தான் யாரும் சோதித்துப் பார்ப்பதில்லை.

முதல் இரண்டில் உண்மை இருக்கிறது, மறுக்க வேண்டியதில்லை. 2000 மார்ச் 4 அன்று ஜப்பானில் விற்பனைக்கு வந்த பெட்டி, 2013 ஜனவரியில் உலகம் முழுக்க உற்பத்தி நிறுத்தப்படும்வரை 15 கோடிக்கும் மேல் விற்றது. அதன் பிறகும் அந்த ஆண்டு மார்ச்சில் ஜப்பானுக்கு ஃபைனல் ஃபேன்டஸி 11-இன் ஒரு விரிவாக்கம், செப்டம்பரில் அமெரிக்காவுக்கு ஃபிஃபா 14, நவம்பரில் ஐரோப்பாவுக்கு ப்ரோ எவல்யூஷன் சாக்கர் 2014 என்று வரிசை நீண்டது. ஓய்வு பெறப்போகும் பெட்டிக்கு கேம் செய்வது தன்னளவில் குற்றமும் இல்லை. பிஎஸ்3 கடைக்கு வந்து சில மாதங்கள் கழித்து, 2007 மார்ச்சில், பிஎஸ்2-க்கு வந்ததுதான் காட் ஆஃப் வார் 2. பெர்சோனா 4 வந்தது 2008-இல். 2001-இலேயே சேகா கைகழுவிய ட்ரீம்காஸ்டுக்கு 2007-இல்கூட ஜப்பானில் காரோஸ் என்றொரு கேம் முறையாக வெளியானது. ஒரு எந்திரத்தின் சந்துபொந்தெல்லாம் பழகியவர்கள் கடைசிக் காலத்தில் அதிலிருந்து பிழிந்தெடுக்கும் சாற்றுக்குத் தனி ருசி உண்டு.

அந்தப் பெட்டி இங்கே எப்படிப் பிழைத்தது என்று பார்க்க மும்பையின் டிராம்பே பக்கம் வாருங்கள். அணு ஆராய்ச்சி மையத்தின் தேவைக்காக ஜனதா காலனியை 1976-இல் காலி செய்வித்து, அங்கிருந்தவர்களைக் கொண்டுவந்து குடியேற்றிய இடம் சீட்டா கேம்ப். தமிழ்க் குடும்பங்கள் நிறைந்த பகுதி. 2007-இல் பிஎஸ்3 இந்தியாவுக்கு வந்தபோது அதன் விலை நாற்பதாயிரம் ரூபாயை ஒட்டி இருந்தது. இந்தச் சந்துகளிலோ தாராவியிலோ யாருடைய சம்பளத்துக்கு அது எட்டும்? அதனால் இங்கே அடுத்த பல ஆண்டுகளுக்கு வீடியோ கேம் என்றால் பிஎஸ்2தான். அதுவும் சொந்தப் பெட்டி என்பது அபூர்வம். மணிக்கணக்கில் வாடகை வாங்கும் கேம் பார்லர், சிப் போட்ட பெட்டி, மும்பையின் எலெக்ட்ரானிக்ஸ் சந்தையான லாமிங்டன் ரோட்டிலிருந்து வந்த நகல் டிஸ்க், இரண்டு ஜாய்ஸ்டிக்குக்கு ஆறு பேர் வரிசை. பெட்டியின் நீண்ட ஆயுள் இந்தப் பிள்ளைகளுக்கு உண்மையிலேயே உதவியது. ஆனால் அந்த நன்றி பெட்டிக்கும், சிப் போட்டுக் கொடுத்த மெக்கானிக்குக்கும் சேர வேண்டியது. அதை அப்படியே வாரி கேம் கம்பெனிகளின் கணக்கில் வைப்பதுதான் இடிக்கிறது.

ஏனென்றால் அந்தக் கடைசி ஆண்டுகளில் என்ன வந்தது, எது வரவில்லை என்று ஒரு பட்டியல் போட்டாலே சாயம் வெளுத்துவிடும்.

எலெக்ட்ரானிக் ஆர்ட்ஸ் நிறுவனம் 2006 நவம்பரில் கிரிக்கெட் 07-ஐ பிஎஸ்2-க்கு வெளியிட்டது. அத்தோடு அந்தக் கிரிக்கெட் வரிசைக்கே மூடுவிழா. ஆனால் அதே நிறுவனம் அதே பெட்டிக்கு ஃபிஃபா 08-இல் தொடங்கி ஃபிஃபா 14 வரை ஏழு கால்பந்து கேம்களை ஆண்டு தவறாமல் இறக்கியது. கோட்மாஸ்டர்ஸ் நிறுவனம் 2007-இல் பிரையன் லாரா பெயரில் ஒரு கிரிக்கெட் கேமை பிஎஸ்2-க்குக் கொடுத்தது. அடுத்து வந்த ஆஷஸ் கிரிக்கெட் 2009-ஐ பிஎஸ்2-க்குத் தரவே இல்லை. இடையில் நடந்ததை நினைத்துப் பாருங்கள். 2007 செப்டம்பரில் தோனியின் அணி இருபது ஓவர் உலகக் கோப்பையை வென்றது. 2008-இல் ஐபிஎல் பிறந்தது. 2011 ஏப்ரல் 2 அன்று, டிராம்பேயிலிருந்து ரயிலில் ஒரு மணி நேரப் பயணத்தில் இருக்கும் வான்கடே மைதானத்தில், உலகக் கோப்பை இறுதி ஆட்டம் நடந்தது. இத்தனைக்கும் இடையில், “இந்தியாவைக் கைவிடாத” பெட்டிக்குப் பெரிய வெளிநாட்டு நிறுவனம் எதுவும் ஒரு கிரிக்கெட் கேம்கூடச் செய்யவில்லை. பார்லர் பையன்கள் ஐபிஎல்லே இல்லாத கிரிக்கெட் 07-ஐத் தேயத் தேய ஆடிக்கொண்டிருந்தார்கள்.

காரணம் கண்டுபிடிக்க ஆராய்ச்சி வேண்டாம். கால்பந்து கேமில் ஆட்டக்காரர் பெயரையும் சட்டையையும் மாற்றினால் போதும், புது வருஷத்துப் பதிப்பு தயார். 2013-இல் வேறு சில பெட்டிகளுக்கு வந்த ஃபிஃபா 14-க்கு எலெக்ட்ரானிக் ஆர்ட்ஸே “லெகசி எடிஷன்” என்று கௌரவமாகப் பெயரும் வைத்தது. இதே வேலையைப் பிரேசில் ரசிகர்கள் பாம்பா பேட்ச் என்ற பெயரில் பிஎஸ்2-க்குச் செய்துவருகிறார்கள். கோனாமியின் பழைய கால்பந்து கேமை எடுத்து, பிரேசில் கிளப்புகளையும் தங்கள் மொழி வர்ணனையையும் சேர்த்து, கம்பெனிகள் கடையைக் கட்டிய பிறகும் விடாமல் புதுப்பிக்கிறார்கள். ரசிகன் ராத்திரி கண்விழித்துச் செய்யும் வேலையையே கம்பெனி காசுக்கு விற்றது என்பதற்காகக் கம்பெனிக்குப் பாராட்டுப் பத்திரம் எழுத முடியாது.

இனி நம் ஊர் கேம்கள். இந்தக் கட்டுரையின் வழக்கு முக்கியமாக இவற்றைப் பற்றியதே.

2009-இல் ஹைதராபாத்தின் ஆரோனா டெக்னாலஜிஸ் செய்த ஹனுமான்: பாய் வாரியர் வந்தது. முழுக்க இந்தியாவிலேயே உருவான முதல் பிஎஸ்2 கேம் என்ற பெருமை அதற்கு. அதே ஆண்டில், அதே ஊரின் கேம்சாஸ்த்ரா நிறுவனம் கபடி, கில்லி, பட்டம் எல்லாவற்றையும் சேர்த்து தேசி அட்டாவைக் கொடுத்தது. 2010-இல் மும்பையின் ட்ரைன் கேம்ஸ் தெருக் கிரிக்கெட்டை வைத்து ஸ்ட்ரீட் கிரிக்கெட் சாம்பியன்ஸ் செய்தது. 2011-இல் ஷாருக் கானின் ரா.ஒன் படத்தோடு ஒரு கேம். 2013-இல் டான் 2.

ஆண்டுகளை மறுபடி ஒருமுறை பாருங்கள். இவை அனைத்தும் பிஎஸ்3 உலகச் சந்தைக்கு வந்து இரண்டு ஆண்டுகளுக்கு மேல் ஆன பிறகு வந்தவை. பெட்டி உச்சத்தில் இருந்த 2001 முதல் 2006 வரையிலான காலத்தில் இந்தியாவில் உருவான ஒரு பிஎஸ்2 கேம்கூட இல்லை. கல்யாண வீட்டில் கடைசிப் பந்திக்கு இலை போட்டு, அடிப்பானையில் இருந்த பாயசத்தை ஊற்றிவிட்டு, “உங்களையும் உட்கார வைத்தோமே” என்று சொல்லிக்காட்டுவதற்கும் இதற்கும் பெரிய வித்தியாசம் இல்லை.

“எங்கேயாவது தொடங்கத்தானே வேண்டும், பழைய எந்திரத்தில் கை பழகட்டுமே” என்பது ஆதரவாளர்கள் வழக்கமாகச் சொல்லும் சமாதானம். கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. பிஎஸ்2-இன் உள்ளே இருப்பதைத் தெரிந்தவர்களுக்கு இந்தச் சமாதானம் தொண்டையில் இறங்காது. அதன் எமோஷன் எஞ்சின் என்ற செயலி மற்ற எதற்கும் ஒத்துவராத வார்ப்பு. பக்கத்தில் இரண்டு வெக்டர் யூனிட்டுகளை வைத்துக்கொண்டு வேலையைப் பிரித்துக் கொடுக்கும் வித்தையைக் கற்கப் பெரிய ஸ்டூடியோக்களே திணறின. அவை கற்றும் கொண்டன, ஏனென்றால் கற்றதை அடுத்த கேமில் பயன்படுத்தக் காலம் இருந்தது. நாட்டி டாக் நிறுவனத்தின் ஜாக் வரிசை 2001-இல் தொடங்கி 2004-க்குள் மூன்று கேம்களைக் கண்டது. காட் ஆஃப் வார் முதல் பாகம் 2005, இரண்டாம் பாகம் 2007. ஹைதராபாத்துக்காரர்கள் 2009-இல் அரும்பாடுபட்டுக் கற்ற வித்தையை எங்கே கொண்டுபோய்க் காட்டுவது? பிஎஸ்3-இன் செல் செயலி முற்றிலும் வேறு ஜாதி. அதற்குள் ஐபோனின் ஆப் ஸ்டோர் திறந்து ஓராண்டு ஆகியிருந்தது. யூனிட்டி, அன்ரியல் போன்ற பொது எஞ்சின்கள் உலகத்தையே மாற்றிக்கொண்டிருந்தன. இன்னும் நான்கு ஆண்டுகளில் செல்லாக்காசாகப்போகும் திறமைக்கு நம் இளைஞர்களைப் பயிற்றுவித்தார்கள் என்பதுதான் இந்தப் “பயிற்சி”யின் நிஜமான விவரம்.

ஹனுமான் கேம் வெளிவந்த காலத்தில் அதைப் பற்றி நடந்த விவாதமும் வேறு திசைக்குப் போய்விட்டது. அமெரிக்காவில் இருந்த இந்து மதப் பிரமுகர் ராஜன் ஜெட், தெய்வத்தை ஜாய்ஸ்டிக்கால் ஆட்டுவிப்பது அவமரியாதை என்று சொல்லி கேமைத் திரும்பப் பெறக் கோரினார். பத்திரிகைகள் அதையே எழுதித் தீர்த்தன. அனுமன் தாவினால் விழ வேண்டிய இடத்தில் விழுகிறாரா, கதாயுதத்தைச் சுழற்றினால் அடி பட்ட உணர்வு வருகிறதா என்று கேட்க ஆளில்லை. ஒரு கேமைக் கேமாக விமர்சிக்காத இடத்தில் அடுத்த கேம் எப்படி மேம்படும்?

இருப்பதற்குள் உயிர்ப்பானது ட்ரைன் கேம்ஸின் தெருக் கிரிக்கெட்தான். அதற்கு 2012-இல் இரண்டாம் பாகமும் வந்தது, அதைச் சொல்லாமல் விடக் கூடாது. ஆனால் 2012! பெட்டியின் உற்பத்தி அடுத்த ஜனவரியில் நிற்கப்போகிறது.

ரா.ஒன் கதை இதைவிட வேடிக்கை. அந்தப் படத்தின் நாயகன் சேகர் சுப்ரமணியம் லண்டனில் வேலை பார்க்கும் ஒரு தமிழ் கேம் வடிவமைப்பாளர். நூடுல்ஸில் தயிரைப் பிசைந்து சாப்பிட்டுத் திரையரங்கைச் சிரிக்க வைத்தவர். உலகத்திலேயே அதிநவீனமான கேமை அவர் உருவாக்குவதாகக் கதை. திரையில் கேம் வில்லன் கணினியை விட்டு வெளியே வந்து நகரத்தைப் பந்தாடுகிறான். நிஜத்தில் அந்தப் படத்தின் பெயரால் விற்ற கேமோ பிஎஸ்3-ஓடு, பதினோரு வயதான பிஎஸ்2-க்கும் சேர்த்துச் செய்யப்பட்டது. டான் 2 நிலைமை இன்னும் மோசம். படம் 2011 டிசம்பரில் திரைக்கு வந்தது. கேம் வந்தது 2013-இல், படத்தின் சுவரொட்டியும் கிழிந்து, பெட்டியின் உற்பத்தியும் நின்ற பிறகு. அதைச் செய்த கேம்சாஸ்த்ராவின் கலைஞர்களைக் குறை சொல்ல இதில் ஒன்றுமில்லை. ஆனால் எந்தத் தயாரிப்பாளராவது ஓடாத புரொஜெக்டருக்காகப் படச்சுருள் அச்சிடுவாரா?

கம்பெனி தரப்பில் திருட்டு டிஸ்கைக் காரணம் காட்டுவார்கள். லாமிங்டன் ரோடு இருக்கும்வரை இந்தியாவில் முதலீடு செய்ய முடியாது என்பார்கள். நகல் டிஸ்க் எல்லா நாட்டிலும் இருந்தது. கால்பந்தையும் நகலெடுத்தார்கள், அதற்காகக் கால்பந்து நிற்கவில்லை. இந்திய கேம்களை 500 ரூபாய் அளவில் விற்க முடிந்தது என்றால், விலையை இறக்க வழி முதலிலிருந்தே இருந்தது என்றுதான் அர்த்தம். அந்த வழி 2003-இல் தோன்றாமல் கிடங்கைக் காலி செய்யும் நேரத்தில் தோன்றியது. அன்று இந்தியா சோனியின் ஐரோப்பியப் பிரிவின் கீழே ஒரு மூலை. முடிவுகள் லண்டனில் எடுக்கப்பட்டன. இதற்கு மாறாக, பிரேசிலின் டெக்டாய் நிறுவனம் சேகாவின் மாஸ்டர் சிஸ்டம் என்ற பெட்டியை உரிமம் வாங்கி உள்ளூரிலேயே தயாரித்தது. 1991-இல் ஒரு ஜப்பானிய கேமின் நாயகனை மாற்றி, தன் நாட்டு காமிக்ஸ் சிறுமி மோனிகாவை அதில் வைத்தது. ஒட்டுப்போட்ட வேலைதான், ஆனால் எப்போது நிறுத்துவது என்பதைப் பிரேசிலே தீர்மானித்தது. அங்கே அந்தப் பெட்டி சேகாவே கன்சோல் தொழிலை விட்ட பிறகும் விற்றது.

பிஎஸ்2 காலத்து முயற்சிகள் விதை, இன்றைய அறுவடை அதன் பலன் என்று ஒரு வாதமும் உலவுகிறது. அறுவடை செய்தவர்களைப் பார்ப்போம். புனேயின் நாடிங் ஹெட்ஸ் கேம்ஸ் 2020-இல் வெளியிட்ட ராஜி அன்ரியல் எஞ்சினில் உருவானது. டொரான்டோவின் விசை கேம்ஸ் 2023-இல் வெளியிட்ட வெண்பா, கனடாவில் குடியேறிய ஒரு தமிழ்க் குடும்பத்தின் சமையலறையில் நடக்கிறது. யூனிட்டியில் செய்த அந்த கேம், நடப்பில் இருந்த எல்லாப் பெட்டிகளிலும் ஒரே நாளில் வந்து, 2024-இல் அறிமுக கேமுக்கான பாஃப்டா விருதை வென்றது. இட்லி வேக வைக்கும் முறையை உலகத்துக்குச் சொல்ல அதற்கு ஓய்வு பெற்ற எந்திரம் எதுவும் தேவைப்படவில்லை. இந்த இரண்டு குழுக்களும் வந்த பாதை வேறு.

இன்று அந்த ஆறு கேம்களும் எங்கே? பிஎஸ்2 பழுதுபார்ப்பை ஜப்பானிலேயே 2018-இல் சோனி நிறுத்திவிட்டது. ரா.ஒன் படத்தை இப்போதும் பார்க்கலாம். திரைப்படத்தைக் காக்கப் புனேயில் 1964 முதல் ஓர் ஆவணக் காப்பகம் இருக்கிறது. புத்தகமும் பத்திரிகையும் பொது நூலகங்களுக்குச் சேர வேண்டும் என்று 1954-ஆம் ஆண்டுச் சட்டம் சொல்கிறது. கேம் டிஸ்க் அந்தச் சட்டத்தில் இல்லை. 2024 முதல் சோனி தன் பழைய பிஎஸ்2 கேம்கள் சிலவற்றை பிஎஸ்5-இல் மறுபடி விற்கிறது. ஹைதராபாத்திலும் மும்பையிலும் செய்த டிஸ்குகள் அந்தக் கடையில் இல்லை. சினிமா உரிமம் சிக்கலானது, ஷாருக் கான் கேம்களை விட்டுவிடலாம். ஹனுமானும் தேசி அட்டாவும் சோனியே வெளியிட்டவை. அவற்றை ஏற்ற மறுபடி ஸ்டூடியோ அமைக்க வேண்டாம், யாரிடமும் கதை வாங்க வேண்டாம். இந்தியாவின் புதிய கேம் குழுக்களை வளர்க்க இந்தியா ஹீரோ புராஜெக்ட் என்ற திட்டத்தை 2023-இல் அறிவித்த அதே சோனி, தான் ஏற்கெனவே விற்றுக் காசு பார்த்த இந்த இரண்டு கேம்களையும் ஏன் இன்னும் கடையில் வைக்கவில்லை என்று புகழ்பாடிகள் யாரும் இதுவரை கேட்கவில்லை.