கோணேசர் மலையடியில் ஒரு கமரா

1956இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் ‘ரேகாவ’ படத்துக்காகக் கமராவை ஸ்டூடியோவிலிருந்து கிராமத்து வெயிலுக்குக் கொண்டுவந்தார். இலங்கைச் சினிமா வரலாறு அதைத் திருப்புமுனையாகக் குறித்துவைத்திருக்கிறது. அதே ஆண்டில் மைக் வில்சன் என்ற ஆங்கிலேயர் திருகோணமலையில் சுவாமி மலையடிக் கடலில் சுழியோடினார். உடன்வந்தவர் எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க். வில்சனைச் சாகசக்காரர் என்று சொல்லி ஒதுக்குவது எளிது. ஆனால் அவருடைய தேடலும் படப்பிடிப்பும் ஒரே வேலைதான்.

1622இல் போர்த்துக்கேயர் இடித்த கோணேசர் கோயிலின் செதுக்கிய கற்கள் அந்த மலையடியில் கிடந்தன. கடலிலிருந்து வில்சன் மீட்ட லிங்கத்தைச் சுயம்புலிங்கமாக அடியார்கள் இன்று கோயிலில் வணங்குகிறார்கள்.

நீருக்குள் ஒளிக்கு வேறு சட்டம். முதலில் சிவப்பு மங்கும். ஆழம் கூடக்கூட எல்லாமே நீலமாகும். பொருள்கள் பெருத்தும் நெருங்கியும் தெரியும். வாடைக் காலத்தில் கடல் கலங்கிவிடும். சோழகம் வீசும் மாதங்களில்தான் இங்கே நீர் தெளியும். படச்சுருள் முடிந்தால் மேலே வரவேண்டும். எடுத்தது தேறியதா என்பது சுருளைக் கழுவிய பிறகே தெரியும்.

இந்தக் கட்டுப்பாடுகளுக்குள் வில்சன் எடுத்த படம் ‘ரண்முத்து தூவ’ (1962). முதல் முழுநீளச் சிங்கள வண்ணப்படம், களம் திருகோணமலை. காமினி பொன்சேகா, ஜோ அபேவிக்ரம நடிப்பு, அமரதேவ இசை. புதையல், வில்லன், பாட்டு, அடிதடி என்று கதை பழகிய தடத்தில்தான் போகிறது. கமரா நீருக்குள் இறங்கியதும் வசனம் ஓய்கிறது, உடல்கள் கனமிழக்கின்றன. பரிசோதனை கதையில் இல்லை, இந்தக் காட்சிகளில் இருக்கிறது. சுழியோடுவதை விண்வெளியில் மிதப்பதற்கு நிகராகக் கருதியவர் கிளார்க். 1968இல் வெளிவந்த ‘2001’ என்ற விண்வெளிப் படத்தின் திரைக்கதையை இயக்குநர் குப்ரிக்கோடு சேர்ந்து எழுதியவரும் அவரே.

குறையும் உண்டு. கோயில் இடிபட்ட துயரம் திரையில் புதையல் வேட்டையாகச் சுருங்கிவிடுகிறது. தலைமுறைகளாகக் கடலை அறிந்த கரை இது. ஆனாலும் கடலடியைப் பார்க்கும் கண் வந்தேறியினுடையது.

1967இல் ‘சொருங்கேத் சொரு’ என்ற ஜேம்ஸ் பொண்ட் பகடிப் படத்தை எடுத்த வில்சன், பின்னர் சினிமாவை விட்டுக் கதிர்காமத்து முருகனின் அடியாரானார். சுவாமி சிவ கல்கி என்ற பெயரோடு 1995இல் மறைந்தார். கடலுக்குள் லிங்கத்தைக் கண்டவர் கடைசியில் சாமியாரானதை ஊர் வியப்போடு சொல்லும். எனக்கு அவர் முதலில் ஒளியைப் பரிசோதித்த கலைஞர்.

இன்று நீர்புகாக் கமரா ஒரு கைப்பைக்குள் அடங்கும். திருகோணமலைப் பிள்ளைகளே, அடுத்த சோழகத்தில் இறங்குங்கள். அதற்கு முன் உங்கள் தெருவில் இருக்கும் சுழியோடியிடம் போய், கீழே என்ன தெரியும் என்று கேட்டுவிட்டு இறங்குங்கள்.