கைதட்டலும் கலைமதிப்பும்

கலைஞரின் தகுதியைத் துணிதற்குக் கற்றோர் அவை வேண்டும் என்பது பண்டையோர் கொள்கை. தொலைக்காட்சியின் தொடக்கக் காலத்திலே, அமெரிக்காவில், அவ்வவையின் இடத்தைக் கைதட்டலின் ஓசையை அளக்குங் கருவியொன்று பெற்றது. ஆதர் கொட்பிரே என்பார் சீ.பீ.எஸ். நிலையத்தில் நடாத்திய புதுக் கலைஞர் போட்டியில், மண்டபத்தோர் எழுப்பிய ஆரவாரத்தின் அளவு கொண்டே வெற்றி துணியப்பட்டது. அத்தகைய தீர்ப்பு எத்துணைப் பெறுமதியுடையது என்னும் வினாவுக்குப் பற்சி கிளைன் என்னும் பாடகியின் வரலாறு தக்க விடை பகர்கின்றது.

இவர் 1932ஆம் ஆண்டு வேர்ஜீனியா மாநிலத்து வின்செஸ்ரர் என்னுஞ் சிறிய பட்டினத்திற் பிறந்தவர். தந்தையார் குடும்பத்தை விட்டு நீங்கியமையாற் படிப்பை இடையில் நிறுத்தி, மருந்துக் கடையொன்றிற் குளிர்பானம் வழங்கும் வேலை செய்தார். இரவிற் கேளிக்கை மண்டபங்களிற் பாடினார். இசைக் குறியீடு வாசிக்கக் கல்லாதவராயினும், உள்ளூர் வானொலியிலும், பின்னர் வாஷிங்ரன் நகரத் தொலைக்காட்சியிலும் பாடிக் குரலைப் பண்படுத்தினார். ஆதலின், அவர் ஓரிரவிற் புகழெய்தினார் என்பது பாதியுண்மையே.

அவ்விரவு 1957ஆம் ஆண்டு தை மாதம் 21ஆந் திகதிக்குரியது. தாயார் தைத்தளித்த மாட்டிடைப் பெண் கோலத்தை நிகழ்ச்சியாளர் விலக்கி, நகர மாதர் விருந்துக்கணியும் ஆடையை உடுக்கச் செய்தனர். அவர் அத்துணை விரும்பாத ‘வோக்கிங் ஆவ்ரர் மிட்நைற்’ என்னும் பாட்டையே பாடுமாறும் வற்புறுத்தினர். அப்பாட்டே வெற்றியை ஈட்டிற்று. இசைத்தட்டாய் வெளிவந்தபோது நாட்டுப்புற இசை வரிசையில் 2ஆம் இடத்தையும், பொது வரிசையில் 12ஆம் இடத்தையும் அடைந்தது.

நகர நாகரிகம் நாட்டுப்புறக் கலையின் தனித்தன்மையைச் சிதைத்தது என இதனைக் குறைகூறுவாருளர். அக்கூற்று முற்றும் பொருந்தாது. கோலம் நீங்கியபோது குரலொன்றே எஞ்சியது. தாழ்ந்த சுரங்களிற் செறிவும், சொல்லின் இறுதியில் விம்மலென ஒடியும் ஒலியும் வாய்ந்த அக்குரலுக்கு வேடத்தின் துணை வேண்டியதில்லை. நிகழ்ச்சியாளர் கருதியது வணிகமாயினும், அவர் தெரிவு கலைக்குத் தீங்கு செய்திலது எனலாம்.

எனினும், கருவியின் அளவை அவ்விரவோடு முடிந்தது. தட்டு நிறுவனமொன்றோடு செய்த உடன்படிக்கையால், அந்நிறுவனத்திற்கு உரிமையுள்ள பாட்டுக்களையே பாட வேண்டியவராய், நான்காண்டளவு பெருவெற்றியின்றி வாடினார். அப்பிணைப்பு நீங்கியபின், 1961இல் ‘ஐ ஃபோல் ரு பீசஸ்’ நாட்டுப்புற வரிசையின் முதலிடத்தை எய்தியது. அவ்வாண்டிலேயே வில்லி நெல்சன் இயற்றிய ‘கிறேசி’ என்னும் பாட்டையும் பாடினார். ஆனி மாதத்து மோட்டார் விபத்தில் விலாவெலும்பு நொந்திருந்தமையால் முதல்நாள் உச்ச சுரங்களை எட்டமாட்டாது மீண்டு, சில வாரங்கள் கழித்தே அதனைப் பதிவு செய்தார்.

இவ்விரு பாட்டுக்களையும் ஒப்புநோக்குவார்க்கு வளர்ச்சி புலனாகும். 1957இற் குரல் தாளத்தோடு துணிந்து நடக்கின்றது. ‘கிறேசி’யிலோ தாளத்திற்குச் சற்றே பிந்தி, தயங்கி, தன்னை அடக்கிக் கொள்கின்றது. முன்னையது கேட்போரை ஆரவாரிக்கச் செய்வது. பின்னையது வாய்மூடி இருக்கச் செய்வது. ஓசையளக்குங் கருவி முன்னையதை அளக்கவல்லது; பின்னையதன் முன் அது முள் அசையாது நிற்கும்.

1963ஆம் ஆண்டு பங்குனி 5ஆந் திகதி விமான விபத்தில், முப்பதாம் அகவையில், பற்சி கிளைன் மறைந்தார். 1973இல் நாட்டுப்புற இசைப் புகழ்மண்டபத்தில் இடம்பெற்று, தனித்துப் பாடிய பெண்களுள் அச்சிறப்பை முதலிற் பெற்றவரானார். கொட்பிரேயின் மண்டபத்தோர் பிழையாகத் தீர்ப்பளித்தாரல்லர். வாயிலைத் திறந்தமை அவர்க்குரிய பெருமை. ஆயின், அவர் கைதட்டியது வரவிருந்த கலைஞரின் தொடக்கத்திற்கே. எஞ்சியதைப் பாடகியின் உழைப்பும் துன்பமும் ஆக்கின. காலம் அதனை மதித்தது. போட்டி மேடையில் முதற்பரிசு பெறும் மாணவரும், அதனை வழங்கும் ஆசிரியரும் மறவாதிருக்கத்தக்கது இவ்வேறுபாடு.