லாம் வீட்டு ஷேக்ஸ்பியர்

ஷேக்ஸ்பியர் நாடகங்களைப் பிள்ளைகளுக்கு உரைநடைக் கதையாகச் சொல்லும் பழக்கத்துக்கு அழுத்தமான தடம் போட்டது, 1807இல் லண்டனில் வெளிவந்த ‘டேல்ஸ் ஃபிரம் ஷேக்ஸ்பியர்’. மொத்தம் 20 கதைகள். துன்பியல் நாடகங்கள் ஆறைத் தம்பி சார்லஸ் லாம் எழுத, மீதி 14ஐயும் எழுதியவர் அக்கா மேரி. முதல் பதிப்பின் முகப்பில் இருந்ததோ சார்லஸ் பெயர் மட்டும். நம்மூரிலும் இதை ‘நான்டீடெயில்’ பாடமாகப் படித்துத் தேர்வெழுதிய தலைமுறைகள் உண்டு. அவர்களில் பலருக்கு ஷேக்ஸ்பியர் என்றாலே இந்தப் புத்தகம்தான்.

சுருக்கிவிட்டார்கள் என்பது இதன்மீது வழக்கமாக வரும் புகார். எனக்கு அது பெரிய குறையாகப் படவில்லை. ஷேக்ஸ்பியரே பழைய கதைகளை வெட்டியும் ஒட்டியும் நாடகம் செய்தவர்தான். ‘தி வின்டர்ஸ் டேல்’ நாடகம், ராபர்ட் கிரீன் 1588இல் வெளியிட்ட ‘பண்டோஸ்டோ’ என்ற உரைநடைக் கதையிலிருந்து பிறந்தது. மேரி அதைத் திரும்ப உரைநடைக்கே கொண்டுவந்தார், அவ்வளவுதான். சிக்கல் வேறிடத்தில் இருக்கிறது. மேடையில் இல்லாத ஓர் ஆள் இங்கே நடுவில் வந்து உட்கார்ந்துகொள்கிறார்: கதைசொல்லி.

அதே நாடகத்தில் ஆன்டிகோனஸ் என்ற பிரபு வருகிறார். மனைவியைச் சந்தேகிக்கும் மன்னன், அவள் பெற்ற பச்சைக் குழந்தையை நெருப்பில் போடச் சொல்கிறான். அதன் உயிரைக் காக்க எதையும் செய்கிறேன் என்று வாய்விடுகிறார் ஆன்டிகோனஸ். உடனே, வாளின்மேல் சத்தியம் வாங்கிக்கொண்டு, அதை ஆளில்லாத கரையில் விட்டுவா என்கிறான் மன்னன். விட்டுவிட்டுத் திரும்பும்போது கரடி துரத்துகிறது. மேடையில் அந்தக் கரடியைப் பார்த்துச் சிரிப்பதா பதறுவதா என்று தெரியாது. அவர் நல்லவரா கோழையா என்பதும் தெரியாது. மேரியோ, கொடிய ஆணைக்குக் கீழ்ப்படிந்தவருக்குக் கிடைத்த நியாயமான தண்டனை என்று அங்கேயே தீர்ப்பெழுதி நகர்ந்துவிடுகிறார். படிக்கும் பிள்ளைக்கு யோசிக்க ஒன்றும் மிச்சமில்லை.

யூத வட்டிக்காரன் ஷைலாக்கின் கதையில் இந்த அவசரம் இன்னும் மோசம். ஆள் வாய் திறக்கும் முன்பே கல்நெஞ்சன் என்று முத்திரை விழுந்துவிடுகிறது. குத்தினால் யூதனுக்கும் ரத்தம் வராதா என்று அவன் கேட்கும் இடமோ காணாமல்போகிறது. மேடையில் அந்தப் பேச்சு எழுந்தபின் அவனை வெறும் வில்லனாகப் பார்ப்பது சுலபமில்லை.

சிரிப்பும் பலியாகியிருக்கிறது. ‘ட்வெல்ஃப்த் நைட்’ கதையில், நாடகத்தில் எல்லாரும் கேலி செய்யும் மல்வோலியோ கிடையாது. ‘மேக்பெத்’தில் கொலை முடிந்த கையோடு கதவு தட்டப்படும்போது உளறிக்கொண்டே வருகிற குடிகார வாயில்காவலனும் இல்லை, பொழுது விடிகிறது, கொலை தெரிகிறது. திகிலுக்கு நடுவே சிரிக்கப் பிள்ளைகளுக்குத் தெரியாது என்று சார்லஸ் எண்ணினாரோ என்னவோ. உண்மையில் அவர்களுக்குத்தான் அது நன்றாகத் தெரியும்.

இவ்வளவுக்கும் பிறகும் நூல் இருநூறாண்டுகள் நின்றதற்குக் காரணம் காது. ஷேக்ஸ்பியர் காலத்துக்குப் பின் ஆங்கிலத்தில் நுழைந்த சொற்களைக் கூடியவரை தவிர்த்ததாக முன்னுரை சொல்கிறது. அவருடைய தொடர்களையே உருக்கி உரைநடையில் ஊற்றியிருக்கிறார்கள். பின்னாளில் மூலத்தைத் திறக்கும் பிள்ளைக்கு அந்த ஓசை ஏற்கெனவே பழக்கமானதாக இருக்கும். கதைச் சுருக்கம் எழுதுவோர் யாரும் இந்தப் பாட்டைப் படுவதில்லை. ‘தி வின்டர்ஸ் டேல்’ கதையின் நடுவே வரும் 16 ஆண்டுகளைத் தாண்ட, நாடகத்தில் ‘காலம்’ என்ற பாத்திரமே மேடையேறி விளக்க வேண்டியிருக்கிறது. மேரியின் உரைநடை அதை அலட்டாமல் கடக்கிறது.

இன்பியல் கதைகளில் உரையாடல் அதிகமாகிவிட்டது என்று அதே முன்னுரை வருந்துகிறது. வீண் வருத்தம். பாத்திரங்கள் தாமே பேசும் அந்த இடங்களில்தான் கதைசொல்லி வாயை மூடிக்கொள்கிறார், புத்தகமும் மூச்சுவிடுகிறது. 1985இல் ‘ஷேக்ஸ்பியர் ஸ்டோரீஸ்’ எழுதிய லியன் கார்ஃபீல்டு அந்தக் ‘குறை’யையே முறையாக்கிக்கொண்டார்: பேச்சு ஷேக்ஸ்பியருடையது, சுற்றியுள்ள காட்சி தன்னுடையது. அவர் வருணனை சில இடங்களில் கனத்துப்போகும். ஆனாலும் பத்து வயதுப் பிள்ளைக்கு எதைக் கொடுக்கலாம் என்று கேட்டால் கார்ஃபீல்டைத்தான் சொல்வேன். கூடவே மேரியின் ‘வின்டர்ஸ் டேல்’, கரடிக்குப் பின்வரும் அந்தத் தீர்ப்பை மட்டும் அடித்துவிட்டு.