மலைநெஞ்சின் மணி

ஒளிவிடும் மணி ஒன்று கதையுள் தோன்றுமாயின் அதற்கு ஏதேனும் ஓர் ஆற்றல் உண்டு எனக் கொள்வது படிப்போர் இயல்பு. நோய் தீர்க்கும், வழி காட்டும், உடையானை வேந்தனாக்கும் என்றெல்லாம் எதிர்நோக்குவர். ஜே. ஆர். ஆர். டோல்கீன் 1937இல் வெளியிட்ட 'ஹாபிட்' என்னும் கதையில் வரும் 'ஆர்க்கென்ஸ்டோன்' இவற்றுள் ஒன்றையும் செய்வதன்று. அஃது ஒளிர்கின்றது, அவ்வளவே. ஆயினும் அது பகைவர் கைப்பட்டதென அறிந்த குள்ளர் தலைவன் தோரின், தனக்குப் பலகால் துணைநின்ற பில்போவைப் பற்றிக் குலுக்கிப் பாறைமேல் எறியவும் துணிகின்றான். இக்குற்றம் கல்லினதா, நெஞ்சினதா? இதற்கு நாம் தரும் விடையைப் பொறுத்தே கதையின் பொருள் அமையும்.

முதற்கண் சொல்லை நோக்குவோம். ஆசிரியர் 1925 முதல் 1945 வரை ஆக்சுபோர்டில் பழைய ஆங்கிலப் பேராசிரியராய் விளங்கியவர். அம்மொழியில் அருமணியைக் குறிக்கும் 'எஒர்கன்ஸ்தான்' என்ற சொல்லே இம்மணியின் பெயராயிற்று. இதற்கு இனமான வடபுலச் சொல், வோலுந்தன் என்னும் கொல்லனைப் பற்றிய பழம்பாட்டில் வருகின்றது. தன்னைச் சிறைசெய்த அரசனின் மைந்தரைக் கொன்று, அவர்தம் கண்களை மணிகளாக்கி ஈன்ற தாய்க்கே அனுப்புகின்றான் அக்கொல்லன். இச்சொல்லின் பின்னே இத்துணைக் கொடுமை உறங்குதலை ஆசிரியர் அறியாதிருந்திருக்க இயலாது.

இனி, இம்மணி சில்மரில் மூன்றனுள் ஒன்றே எனக் கொள்வாரும் உளர். ஆசிரியர் மறைவுக்குப்பின் 1977இல் வெளிவந்த 'சில்மரிலியன்' நூலில், அம்மூன்றனுள் ஒன்று மைத்ரோசுடன் நிலத்தின் தீப்பிளவுள் வீழ்ந்தது. அதுவே பின்னர் எரெபோர் மலையின் அடியில் கிடைத்தது என்பது அவர் கூற்று. பழைய ஆங்கிலத்தில் எழுதிப் பார்த்த தம் வரலாற்றுக் குறிப்புகளில் ஆசிரியர் சில்மரில்களுக்கும் இச்சொல்லையே ஆண்டுள்ளார். எனவே அக்கூற்று அடியற்றதன்று. எனினும் நாம் அதனை ஏற்பதற்கில்லை. சில்மரில் எவ்வாற்றானும் சிதைக்கவொண்ணாத பொருளால் ஃபெயனோர் என்பவன் இயற்றியது. ஆர்க்கென்ஸ்டோனோ மலையின் நெஞ்சில் கல்லாய்க் கிடந்து, குள்ளர் உளிபட்டுப் பல பட்டைகள் பெற்றது. சில்மரில் தகுதியற்றார் கையைச் சுடும்; மைத்ரோசைச் சுட்டது. இம்மணி எவர் கையையும் சுட்டதில்லை. இவ்வேறுபாடு சிறிதன்று. சுடும் மணி தானே நீதி வழங்கிவிடும். சுடாத மணியை ஏந்தியவனோ தன் நீதியைத் தானே தேடவேண்டியவனாகின்றான்.

நம் கருத்துக்கு எதிராகக் காட்டத்தக்க இடம் ஒன்று உண்டு. அதனை மறைத்தல் ஆய்வாளர்க்கு அழகன்று. மணியை முதற்கண்ட பில்போவின் கை அதன் மயக்கால் ஈர்க்கப்பட்டது என்று ஆசிரியரே எழுதுகின்றார். மயக்கு என்ற சொல் அங்கே உள்ளது. ஆனால் அடுத்து நிகழ்வதைக் காண்க. மணியைப் பையிலிட்ட பில்போ தான் மெய்யாகவே கள்வனாகிவிட்டதை உணர்கின்றான். பதினான்கில் ஒரு பங்கைத் தானே தெரிந்துகொள்ளலாம் என்ற உடன்பாட்டைத் துணைக்கழைக்கின்றான். அவ்வுடன்பாடு இம்மணியைக் கருதியதன்று என்னும் உறுத்தலும் உடனே எழுகின்றது. மயங்கியவனுக்கு இவ்வுறுத்தல் ஏது? பின்னர் ஓர் இரவில் அவனே அதனை எடுத்துச் சென்று, உடல் நடுங்க, ஏக்கம் மாறாத கண்ணோடு, பார்டின் கையில் கொடுக்கின்றான். ஏக்கம் தீர்ந்தபின் கொடுத்திருப்பின் அஃது ஈகையாகாது. மணியின் ஈர்ப்பு மெய்; அவ்வீர்ப்பு தடுக்கவொண்ணாதது என்பதே பொய் என்பதை இக்கதை முழுவதிலும் இவ்வோரிடமே தெளிவாகக் காட்டுகின்றது.

தோரினோ மணியைக் காணாமலே அதற்கு அடிமையானவன். இருளில் அதன் அழகைத் தனக்குத்தானே சொல்லிக்கொள்கின்றான். கண்டெடுத்து ஒளிப்பவனைப் பழிவாங்குவதாகச் சூளுரைக்கின்றான். அருகிலில்லாத கல் எங்ஙனம் மயக்கும்? ஆசிரியர் கூறும் காரணமும் வேறு: டிராகன் நெடுநாள் கிடந்து அடைகாத்த பொன்னுக்கு உள்ள ஆற்றல், குள்ளர்தம் நெஞ்சியல்பு ஆகிய இரண்டு. ஏரியூர்த் தலைவன் இம்மணியைக் கண்ணாலும் கண்டிலன். ஆயினும் ஊர்மக்களுக்கென வந்த பொன்னைக் கவர்ந்தோடிப் பாழ்நிலத்தில் பசியால் மாண்டான். (நம் பழம்பாடல்களில் நாகம் தான் உமிழ்ந்த மணியின் ஒளியில் இரை தேடும், அங்கே ஒளிக்கு ஒரு பயன் உண்டு. ஸ்மாக் என்னும் இந்நாகமோ தன் கீழ்க் கிடக்கும் மணியால் யாதொரு பயனும் கொள்வதில்லை.)

2012 முதல் 2014 வரை வெளிவந்த திரைப்படங்கள் இம்மணிக்கு ஓர் அரசுரிமையை ஏற்றிவிட்டன. அதனை உடையானுக்கே குள்ளர்தம் ஏழு படைகளும் பணியும் என்பது திரைக்கதை. நூலிலோ காக்கை கொண்டு சென்ற செய்தி கேட்டே டெயின் படையுடன் வருகின்றான். மணி யார் கையில் உளது என அவன் வினவவில்லை. திரைப்படத்தார் செய்தது கதையை விளக்கவுதவலாம். தோரினுக்கோ அது பெருந்தீங்கு. படை வேண்டி மணியைத் தேடுபவன் அரசியலறிந்தவன் ஆவான். மணிக்காகவே மணியைத் தேடுபவனிடத்தன்றோ அவலம் பிறக்கின்றது.

போர் முடிந்து, இறக்குந் தறுவாயில், தோரின் பில்போவிடம் தான் கூறிய கடுஞ்சொற்களை மீட்டுக்கொள்கின்றான். மலையின் அடியில் அவனைப் புதைத்தபோது மணியை அவன் மார்பின்மேல் வைத்தவன் பார்டே. எல்ஃபு வேந்தன் ஆர்க்ரிஸ்ட் என்னும் வாளைக் கல்லறையின் மேல் வைத்தான். பகைவர் அணுகும்போது அவ்வாள் இருளில் ஒளிரும், காவலர் எழுவர். மணியும் கீழே ஒளிர்ந்துகொண்டுதான் இருக்கும். டெயின் அதனைத் தோண்டியெடுக்கவில்லை.