காமிரா யாரைப் பின்தொடர்கிறது?

சினிமா பார்த்துவிட்டு வெளியே வருகிறவர்கள் நடிகர்களைப் பற்றிப் பேசுவார்கள். கொஞ்சம் விஷயம் தெரிந்தவர்கள் டைரக்டரைப் பற்றிப் பேசுவார்கள். காமிராக்காரரைப் பற்றிப் பேசுகிறவர்கள் அபூர்வம். ஆனால் ருஷ்யாவின் ஸெர்கேய் உருஸெவ்ஸ்கியைப் (1908–1974) பற்றிப் பேசாமலிருக்க என்னால் முடியவில்லை.

அவருக்கு ஒரே முதலாளி, சர்க்கார். ஸ்டூடியோவும் பிலிமும் சர்க்காருடையவை. கதையையும் வசனத்தையும் மேலிடத்தில் படித்துப் பார்த்து அனுமதித்த பிறகுதான் காமிராவைத் தொடலாம். உருஸெவ்ஸ்கி ஓவியம் பயின்றவர். யுத்த காலத்தில் போர்முனையில் படம் பிடித்தவர். 1951-ல் 'தங்க நட்சத்திர வீரன்' என்ற படத்துக்காகக் கூட்டுப்பண்ணைக் கிராமத்தை வர்ணத்தில் எடுத்தார். யுத்தமும், 1946–47 பஞ்சமும் நொறுக்கிப் போட்டிருந்த நாட்டுப்புறம் அதில் கல்யாண வீடுபோல் ஜொலித்தது. ஸ்டாலின் பரிசும் கிடைத்தது. திறமை பொய்க்கும் ஊழியம் செய்யும் என்பதை மூடி மறைத்துப் பயனில்லை.

1953-ல் ஸ்டாலின் காலமானார். கெடுபிடி சற்றுத் தளர்ந்தது. 1957-ல் கலடோஸொவ் டைரக்ஷனில் 'கொக்குகள் பறக்கின்றன' வெளிவந்தது. யுத்தத்துக்குக் கிளம்பும் காதலனைப் பார்க்க வெரோனிகா பஸ்ஸில் வருகிறாள். காமிரா அவள் முகத்தருகே இருக்கிறது. அவள் இறங்கினால் அதுவும் இறங்குகிறது. ஜனக் கூட்டத்தில் அவளோடு இடிபட்டு ஓடுகிறது. பிறகு ஜிவ்வென்று மேலே எழும்புகிறது. கீழே, டாங்கிகளுக்கு நடுவே ஓடும் ஒரு சின்னப் பெண்! இடையில் ஒரு வெட்டுக்கூடக் கிடையாது. காகிதத்தில் எழுதினால் இது, பெண் பஸ்ஸை விட்டு இறங்கித் தெருவைக் கடக்கிறாள் என்ற ஒரு வரிதான். எந்த அதிகாரி அந்த வரியை அடிப்பார்? ஆனால் யுத்தத்தின் முன் மனிதப் பிறவி எவ்வளவு சிறியது என்பது அத்தனையும் அதில் வந்துவிட்டது. 1958-ல் கான் விழாவில் படத்துக்குத் தங்கப் பனை விருது கிடைத்தது.

1964-ல் அதே இருவரும் 'நான் கியூபா' எடுத்தார்கள். புரட்சியைப் போற்றுவதற்கென்றே ஸோவியத்தும் கியூபாவும் சேர்ந்து தயாரித்த படம். இரண்டு நாட்டிலும் அது பிடிக்கவில்லை, பெட்டிக்குள் போய்விட்டது. 1990-களில் ஸ்கார்ஸேஸியும் கொப்போலாவும் முன்னின்று அமெரிக்காவில் வெளியிட்ட பிறகுதான் உலகம் வியந்தது. உருஸெவ்ஸ்கியின் சிகரம் இதுதான் என்று ரசிகர்கள் பலர் சொல்கிறார்கள்.

எனக்குச் சம்மதமில்லை. அதில் ஒரு மாணவனின் சவ ஊர்வலம் வருகிறது. காமிரா கட்டடத்தின் மேலேறி, சுருட்டுத் தொழிலாளர்கள் வேலை செய்யும் அறைக்குள் புகுந்து, ஜன்னல் வழியே வெளியே போய், தெருவுக்கு மேலே மிதக்கிறது. நான் வாயைப் பிளந்து பார்த்தேன். எப்படி எடுத்தார்கள் என்றுதான் யோசித்தேனே ஒழிய, இறந்தவனை நினைக்கவில்லை. வெரோனிகா ஓடும்போது அந்த யோசனை எனக்கு வரவேயில்லை; அவள் போய்ச் சேரவேண்டுமே என்ற தவிப்புத்தான் இருந்தது.

சர்க்கார் கட்டளையை மட்டும் இதற்குக் குற்றம் சொல்ல முடியாது. இரண்டு படத்துக்கும் முதலாளி அதே சர்க்கார்தான். முதல் படத்தில் காமிரா ஒரு மனுஷியைப் பின்தொடர்ந்தது. இரண்டாவதில் ஒரு கருத்தைப் பின்தொடர்ந்தது. கதை எழுதுகிறவர்களுக்கும் இந்த அபாயம் உண்டு. நடை எவ்வளவு உயரப் பறந்தாலும், கீழே ஓடுகிற பெண் யார் என்று வாசகனுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.