நடிகர் திலகத்தின் நடிப்பு: மேடைக் குரலும் திரை மௌனமும்

டெலானிபூரில் எங்கள் வீட்டில் ஒரு ஞாயிறு மாலை 'வீரபாண்டிய கட்டபொம்மன்' ஓடிக்கொண்டிருந்தது. வீட்டில் தமிழும் வெளியில் இந்தியுமாக வளர்ந்த என் மகள், "என்னப்பா, இவர் ஏன் இப்படிக் கத்துறார்? ஒரே ஓவர் ஆக்டிங்!" என்றாள். எனக்குச் சுருக்கென்றது. ஆனாலும் கேள்வி நியாயமானதுதான். அதற்குப் பதில் தேடியதன் விளைவே இக்கட்டுரை.

சிவாஜி கணேசன் (1928–2001) சிறுவயதிலேயே யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளையின் நாடகக் குழுவில் சேர்ந்தார். பெண் வேடங்களும் போட்டார். அண்ணாவின் நாடகத்தில் மராட்டிய மன்னனாக நடித்ததைப் பார்த்துப் பெரியார் வைத்த பெயரே 'சிவாஜி'. அந்த மேடைகளில் கடைசி வரிசையில் உட்கார்ந்திருப்பவருக்கும் சொல் எட்ட வேண்டும். முகம் தெரியாத தூரத்தில் குரலும் கையும் நடையும்தான் நடிப்பு. 'கட்டபொம்ம'னும் 1957-இல் சக்தி கிருஷ்ணசாமியின் வசனத்தில் நாடகமாக வந்து, 1959-இல் திரைக்கு ஏறியதே. அதற்காக 1960-இல் கெய்ரோ ஆசிய-ஆப்பிரிக்கப் பட விழாவில் சிறந்த நடிகர் விருது கிடைத்தது. தமிழ் தெரியாதவர்களும் அந்த நடிப்பை ஏற்றார்கள் என்பதைக் கவனிக்க வேண்டும்.

பிரான்சில் மேடைப் பேச்சை யாரும் குறையாக நினைப்பதில்லை. ழெரார் பிலீப் 1951-இல் அவிஞ்ஞோன் விழாவில் கொர்னேயின் செய்யுள் நாடகத்தில் நடித்தார். மறு ஆண்டே 'ஃபான்ஃபான் ல தூலிப்' படத்தில் வாள் வீசினார். அதே 1952-இல்தான் இங்கே 'பராசக்தி' நீதிமன்றக் காட்சி. அந்த நாடே 1995-இல் நம்மவருக்குச் செவாலியே விருது தந்து சிறப்பித்தது.

அதற்காக எல்லாவற்றையும் புகழ்ந்துவிட முடியாது. எழுபதுகளில் வந்த பல படங்களில் அந்த நடிப்பு பழக்கமாகவே மாறிவிட்டது. 1978-இல் வந்த 'அந்தமான் காதலி'யை நம் தீவு என்ற பாசத்தில் ரசிக்கிறோமே தவிர, அதில் தீவு வெறும் அழகான பின்னணிதான். நடிப்பிலும் புதிதாக ஒன்றுமில்லை. இதைச் சொல்வதால் அவர் பெருமை குறைந்துவிடாது.

என் மகளுக்கு அடுத்து நான் போட்டுக் காட்டியது 'கப்பலோட்டிய தமிழன்' (1961). வசூலில் தோற்ற படம். வ.உ.சி. செக்கிழுக்கும் காட்சியில் கைதட்டல் வாங்கும் வசனம் இல்லை. தோளும் முதுகும் தளர்ந்த கால்களுமே பேசுகின்றன. குரலை நம்பி வளர்ந்தவர் குரலை ஒதுக்கி வைத்த இடம் அது. 1985-இல் 'முதல் மரியாதை'யில் பாரதிராஜா கேட்டதும், 1992-இல் 'தேவர் மக'னில் பெரியவராக அவர் கொடுத்ததும் இந்த அடக்கத்தின் தொடர்ச்சியே என்பது என் கருத்து. ஆகவே அடங்கி நடிக்கத் தெரியாதவர் என்ற குற்றச்சாட்டு நிற்காது. எங்கே முழங்க வேண்டும், எங்கே அடங்க வேண்டும் என்று பாத்திரம் சொன்னது; பல படங்களில் அந்தக் கேள்வியையே இயக்குநர்கள் கேட்கவில்லை.

காட்சி முடிந்ததும், "நம்ம செல்லுலார் ஜெயில்ல செக்கு வெச்சிருக்காங்களே, அதே மாதிரியா?" என்று கேட்டாள். வ.உ.சி. இங்கே கொண்டுவரப்படவில்லை, கோவைச் சிறையில் செக்கிழுத்தார், கண்ணூரிலும் அடைபட்டிருந்தார், 1912-இல் விடுதலையானார் என்று விளக்கினேன். இவ்வளவு பேச்சு எங்களுக்குள் தமிழில் நடந்து வெகு நாளாகிறது.

நம் பிள்ளைகளுக்கு அந்தக் குரல் உரக்கக் கேட்பதற்கு ஒரு காரணம், அவர்கள் காதில் தமிழ் மெதுவாக விழுவதுதான். அதைச் சரிசெய்வது நடிகர் திலகத்தின் பொறுப்பு அல்ல, நம்முடையது. முதலில் செக்குக் காட்சியைக் காட்டுங்கள். கட்டபொம்மன் பிறகு வரட்டும்.