எழுத்தின் வயதறிந்த கண்

கையெழுத்தைப் பார்த்து ஆளை அடையாளம் சொல்பவர்கள் எங்கும் உண்டு. காலத்தைச் சொல்பவர்கள் அபூர்வம். செமித்திய மொழிகளிலும் விவிலியக் கால வரலாற்றிலும் ஊறிய ஃபிராங்க் மூர் கிராஸ் (1921–2012) அந்த அபூர்வங்களில் ஒருவர். 1958 முதல் 1992 வரை ஹார்வர்டில் எபிரேயப் பேராசிரியர். அவருடைய ஆசிரியர் வில்லியம் ஆல்பிரைட், 1948இல் சாக்கடல் சுருள்களில் ஒன்றான ஏசாயா சுருளின் புகைப்படத்தை மட்டும் பார்த்து, கி.மு. 100ஐ ஒட்டியது என்று மதிப்பிட்டவர். ஆசிரியரிடம் அது கண்பழக்கம். மாணவர் அதற்கு இலக்கணம் எழுதினார்.

1953இல் ஜெருசலேம் சென்ற கிராஸ், சாக்கடலோரக் கும்ரானின் நான்காம் குகையிலிருந்து வந்த தோல் சுருள் துண்டுகளைச் சுத்தம் செய்து, கண்ணாடித் தகடுகளுக்கிடையே விரித்து வாசிக்கத் தொடங்கினார். சுருள்களில் ஆண்டுக் குறிப்பு இல்லை. எழுத்தின் வடிவமே முக்கியச் சாட்சி. 1961இல் வெளிவந்த அவருடைய நீண்ட கட்டுரை அந்தச் சாட்சியை விசாரித்த விதம்தான் ரசிக்க வேண்டியது.

தமிழ் விவிலியத்தில் 119ஆம் சங்கீதத்தின் தலைப்புகளாக எபிரேய எழுத்துகளின் பெயர்களைப் பலர் பார்த்திருப்பார்கள். அவற்றில் ‘ஆயின்’, கி.மு. மூன்றாம் நூற்றாண்டுக் கையெழுத்தில் மிகச் சிறியது. வரியின் மேல்கோட்டை ஒட்டியே நிற்கும். பக்கத்திலுள்ள ‘மேம்’ பெரிதாக நீண்டிருக்கும். தலைமுறைகள் கடக்கக் கடக்க ஆயின் வளர்ந்து இறங்குகிறது. எழுத்துகள் ஒரே உயரத்துக்கு வருகின்றன. ஏரோது காலத்தில், பள்ளிப் பிள்ளைகளை உயரம் பார்த்து நிறுத்தியதுபோல வரிசை சீராகிவிடுகிறது. கிராஸ் இதை மூன்று காலங்களாகப் பிரித்தார்: தொன்மை, கி.மு. 250–150; ஹஸ்மோனியம், கி.மு. 150–30; ஏரோதியம், கி.மு. 30–கி.பி. 70. ஒற்றை எழுத்தை வைத்து அவர் தீர்ப்புச் சொல்வதில்லை; முழு எழுத்து வரிசையையும் சேர்த்தே எடை போடுவார்.

அவர் கையில் வந்த சாமுவேல் சுருள் ஒன்று இன்னொரு விருந்து. அம்மோனிய மன்னனான நாகாஸ் இஸ்ரவேலின் காத், ரூபன் கோத்திரத்தாரின் வலக்கண்களைப் பிடுங்கியதைச் சொல்லும் பத்தி அதில் இருக்கிறது. வழக்கிலுள்ள எபிரேயப் பாடத்தில் அது கிடையாது. ஆனால் முதல் நூற்றாண்டு வரலாற்றாசிரியர் யோசேபஸ் அந்தச் செய்தியை அறிந்திருக்கிறார். படியெடுத்தவரின் பார்வை தாவியதில் மூலத்தின் பத்தி விழுந்துபோனது என்பது கிராஸின் வாதம். பிற்காலச் சேர்க்கை என்று மறுப்பவர்களும் உண்டு.

குறை இல்லாமல் இல்லை. அந்தச் சாமுவேல் துண்டுகளின் முழுப் பதிப்பு 2005இல்தான் வந்தது. அறிஞர் உலகம் அரை நூற்றாண்டு காத்திருந்தது. 1990களின் கரிமச் சோதனைகள் அவருடைய காலக்கணிப்பைப் பெரும்பாலும் ஆதரித்தன. 2025இல் குரோனிங்கன் பல்கலைக்கழகக் குழு, பல சுருள்கள் இன்னும் பழையவை என்றது. ஆனால் அந்த விவாதத்துக்கும் கிராஸின் அட்டவணைதான் அளவுகோல்.

சாக்கடல் சுருள்களின் துல்லியமான படங்கள் இஸ்ரேல் தொல்பொருள் துறையின் இணைய நூலகத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. எபிரேயம் தெரியாவிட்டாலும் இரண்டு சுருள்களை அருகருகே வைத்து, ஆயின் எங்கே நிற்கிறது என்று பாருங்கள். கிராஸ் கண்ட காலவரிசையின் ஒரு படி உங்களுக்கும் தெரியும்.